போல்வோனைப் புரட்டக் கூடாது

என் அம்மா ஓர் ஆமையைத் தள்ளி வைக்கக் கிளம்பிய ஞாயிற்றுக்கிழமையன்று, அதைக் கூடையில் சுமந்து வரும்படி மருமகளிடம் சொன்னாள். எனக்கு அதுதான் பொறுக்கவில்லை. மற்றதையெல்லாம் ஐந்து வருஷமாகப் பொறுத்துக்கொண்டுதான் இருந்தேன். அதற்காக என்னை நானே திட்டிக்கொள்வதும் இந்தக் கதையில் வரும்.

மருமகள் பெயர் ஹுல்கார். என் தம்பி ரவ்ஷனைக் கட்டிக்கொண்டு உர்குத்திலிருந்து சமர்கந்துக்கு வந்தவள். ஐந்து வருஷமாகக் குழந்தை இல்லை. அம்மா அவளுக்குப் பார்க்காத வைத்தியம் கிடையாது. ஊசி போட்டார்கள், அட்டை விட்டார்கள், வயிற்றில் சேறு பூசினார்கள், மூன்று தர்காக்களுக்கு வெறுங்காலோடு நடத்திக் கூட்டிப் போனார்கள். கடைசியாகப் பார்த்த டாக்டரம்மா எல்லாக் காகிதத்தையும் புரட்டிவிட்டு, "இவகிட்ட ஒரு குறையும் இல்ல. இனிமே புருஷன் வரட்டும்" என்று ரவ்ஷன் பெயரில் பரிசோதனைச் சீட்டு எழுதிக் கொடுத்தார். சீட்டு அலமாரி இழுப்பறையில் மூன்று வருஷமாகக் கிடக்கிறது. "எனக்கென்ன, நல்லாத்தான் இருக்கேன்" என்று ரவ்ஷன் சொல்லிவிட்டான். அம்மாவும் அதைத்தான் சொன்னாள். அதோடு சரி.

இந்த வசந்தத்தில் அம்மா முடிவெடுத்துவிட்டாள். ஹஜ்ஜுப் பெருநாள் முடிந்ததும் ஹுல்கார் அவள் அப்பா வீட்டுக்குப் போய்விட வேண்டும். அவள் சீராகக் கொண்டுவந்த பதினான்கு பஞ்சு மெத்தைகளையும் மாடத்திலிருந்து இறக்கி, கயிறு போட்டுக் கட்டி, தெருக்கதவுக்குப் பக்கத்தில் அடுக்கியும் ஆயிற்று. தினமும் முற்றம் பெருக்கும்போது அவள் அந்த மூட்டைகளைச் சுற்றித்தான் பெருக்குவாள். ரவ்ஷன் வாயைத் திறக்கவில்லை. அவனுக்கு அவளைப் பிடிக்கும். பிடித்து என்ன செய்ய?

இனி ஆமை. ரவ்ஷனுக்கு ஒன்பது வயதிருக்கும்போது அப்பா புல்வெளிப் பக்கமிருந்து ஒரு பெரிய ஆமையைக் கொண்டுவந்தார். இவன் அதற்கு போல்வோன் என்று பெயர் வைத்தான், மல்லன் என்று அர்த்தம். ஒரு நாள் தெருப் பிள்ளைகள் அதை மல்லாக்கப் புரட்டி வெயிலில் விட்டுவிட்டு ஓடிப்போனார்கள். இவன் அழுது அழுது காய்ச்சலில் விழுந்தான். அன்றைக்கு அப்பா போட்ட உத்தரவு: இந்த வீட்டில் யாரும் போல்வோனைப் புரட்டக் கூடாது. அப்பா போய்ச் சேர்ந்து பதினோரு வருஷமாகிறது, உத்தரவு மட்டும் சாகவில்லை.

ரவ்ஷனுக்குக் கல்யாணமானபோது, "இவனுக்கும் ஒரு ஜோடி வேணும்" என்று அம்மா பறவைச் சந்தையிலிருந்து ஒரு பெண் ஆமை வாங்கிவந்தாள். குஞ்சு பொரிக்கவில்லை. அதைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிட்டு வேறொன்று வாங்கினாள். அதுவும் சரிப்படவில்லை, மூன்றாவது வந்தது. போன ஜூனில் திராட்சைக் கொடிக்கடியில் ஹுல்கார் நான்கு முட்டைகளைக் கண்டெடுத்தாள். அம்மா தெரு முழுக்க ஹல்வா கொடுத்தாள். ஹுல்கார் முட்டைகளை மணல் நிரப்பிய டப்பாவில் வைத்து, அடுப்புச் சுவர் ஓரமாக மூன்று மாதம் காவல் காத்தாள். ஒன்றும் வரவில்லை. அம்மா ஒன்றை உடைத்துப் பார்த்துவிட்டு, "முட்டையும் மலட்டு முட்டை" என்றாள். அப்போது அவள் ஆமையைப் பார்க்கவில்லை.

நான் ரவ்ஷனுக்கு அக்கா, முனிரா. புருஷன் இறந்தபின் இரண்டு தெரு தள்ளித் தனியாக இருக்கிறேன். பள்ளிக்கூடத்தில் உயிரியல் ஆசிரியை. இருபது வருஷமாகத் தவளை அறுத்துக் காட்டுகிறவள். அதே முற்றத்தில் உட்கார்ந்து டீ குடித்திருக்கிறேன், போல்வோனுக்குத் தர்பூசணித் தோல் போட்டிருக்கிறேன். ஒரு தரம்கூட அதைத் திருப்பிப் பார்க்கத் தோன்றவில்லை. வீட்டில் ஆம்பளை என்றால் ஆம்பளை. படித்த படிப்பெல்லாம் கதவுக்கு வெளியே செருப்போடு கழற்றி வைத்தேன் போலிருக்கிறது.

அந்த ஞாயிற்றுக்கிழமை நாங்கள் மூவரும் பறவைச் சந்தைக்கு வேனில் ஏறி உட்கார்ந்ததும் அம்மா ஆரம்பித்தாள்.

"கூடைய மடியில வச்சுக்கோ, கெலின். ஆட்டாத."

கெலின் என்றால் மருமகள். ஐந்து வருஷத்தில் அம்மா அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை.

எதிர் சீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். "என்னம்மா, கோழியா?"

"ஆமை. மலடு. மாத்தப் போறோம்," என்றாள் அம்மா, வேன் முழுக்கக் கேட்கும்படி.

ஹுல்கார் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். கூடையின் மேல் இருந்த அவள் கை மட்டும் இறுகியது.

சந்தையில் ஆமை விற்பவள் கலியா என்ற தாத்தார் இனத்துக்காரி. சூரியகாந்தி விதையைக் கொறித்துக்கொண்டே பேசுவாள். அம்மாவை ஓபா, அதாவது அக்கா, என்றுதான் கூப்பிடுவாள்.

"மறுபடியுமா, மஸ்தூரா ஓபா? இந்தப் பொண்ணு என்ன தப்பு பண்ணுச்சு?"

"ரெண்டு வருஷமாச்சு. ஒரு குஞ்சு இல்ல. நீ பொண்ணுன்னு சொல்லி எதையோ தலையில கட்டிட்ட."

கலியா கூடையிலிருந்து ஆமையை எடுத்துப் புரட்டினாள். "நல்லாப் பாருங்க. வால் குட்டை, மொண்ணை. அடிப்பக்கம் தட்டை. அசல் பொண்ணு. உங்களுக்கு நான் குடுத்த மூணும் பொண்ணுதான்." பெட்டிக்குள் கைவிட்டு, கைக்கு அடக்கமான இன்னொன்றை எடுத்தாள். "இது ஆம்பள. வால் எவ்ளோ நீளம், எவ்ளோ தடிமன், பக்கமா மடக்கி வச்சிருக்கான் பாருங்க. வயிறும் கொஞ்சம் உள்வாங்கியிருக்கும்."

"இத்துனூண்டா ஆம்பள?"

"இந்த ஜாதியில பொண்ணுங்கதான் பெருசு, ஓபா."

"போடி. எங்க வீட்டு ஆம்பள எவ்ளோ பெருசு தெரியுமா?" அம்மா இரண்டு கையையும் ரொட்டித் தட்டு அளவுக்கு விரித்துக் காட்டினாள்.

கலியா விதை கொறிப்பதை நிறுத்தினாள். "அவனப் புரட்டிப் பாத்தீங்களா?"

"அவன எதுக்குப் பாக்கணும்? அவன் நல்லாத்தான் இருக்கான்."

இந்த வாக்கியத்தை ஐந்து வருஷமாக அதே வீட்டில் கேட்டுக்கொண்டிருக்கிறேன். சந்தை நடுவில் கேட்டபோதுதான் எனக்கு உறைத்தது. ஹுல்கார் என்னைப் பார்த்தாள். அவளுக்கு உறைத்து எத்தனை நாளாயிற்றோ, யார் கேட்டார்கள்?

"ஆனா முட்டை போட்டுச்சே?" என்றேன் கலியாவிடம்.

"சேவல் இல்லாம கோழி முட்டை போடறதில்லையா, டீச்சர்? முட்டை வரும். குஞ்சு வராது. அதுவும் யாரு போட்டதுன்னு யாரு கண்டா?"

"உன்கிட்ட இனிமே ஒரு தவிட்டுக் குருவிகூட வாங்க மாட்டேன்" என்று அம்மா விறுவிறுவென்று நடந்தாள். நான் அந்தச் சின்ன ஆம்பளையை வாங்கிக் கைப்பையில் போட்டுக்கொண்டேன். தள்ளி வைக்கப்பட வேண்டிய மூன்றாவது மனைவி அதே கூடையில் வீடு திரும்பினாள்.

வீட்டுக்குப் போனபோது ரவ்ஷன் முற்றத்துக் கட்டிலில் டீயோடு உட்கார்ந்திருந்தான். நான் உட்காரவில்லை. நேரே திராட்சைக் கொடிப் பக்கம் போய்ப் போல்வோனைத் தூக்கினேன்.

"ஓபா, என்ன பண்றீங்க? கீழ வைங்க."

"வைக்கிறேன். பாத்துட்டு வைக்கிறேன்."

"அப்பா சொன்னது மறந்துபோச்சா? அவனப் புரட்டக் கூடாது."

"விடுடி அவன" என்றாள் அம்மா. "வெயில்ல அலைஞ்சதுல இவளுக்குப் புத்தி கலங்கிடுச்சு."

கட்டிலில் ரவ்ஷனின் டீக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்துப் புரட்டினேன். கால்கள் காற்றில் துழாவின. வால் என் சுண்டு விரல் நுனி அளவுகூட இல்லை. குட்டை, மொண்ணை. அடிப்பக்கம் ரொட்டிப் பலகை மாதிரி தட்டை. பக்கத்தில் கலியாவின் குட்டி ஆம்பளையையும் புரட்டி வைத்தேன். இரண்டு வாலையும் பார்த்த பிறகு படிப்பு எதுவும் தேவைப்படவில்லை.

"இருபத்திரெண்டு வருஷமா இந்த வீட்டு மல்லன் ஒரு பொம்பள" என்றேன். "மூணு பேரக் கொண்டுவந்தீங்க. மூணு பேரும் பழி சுமந்தாங்க. இவன மட்டும் ஒருத்தரும் திருப்பிப் பாக்கல. நானும் பாக்கல, எனக்கும் வெக்கமா இருக்கு."

இரண்டையும் நிமிர்த்தித் தரையில் விட்டேன். கைப்பையில் வந்த பொடியன் ஒரு நொடி யோசித்தான். பிறகு தலையை ஆட்டி ஆட்டிக்கொண்டு போல்வோனின் பின்னாலேயே துரத்தினான். போல்வோன் திராட்சைக் கொடிக்குள் புகுந்துகொண்டது. வேறு சமயமாக இருந்தால் நான் விழுந்து விழுந்து சிரித்திருப்பேன்.

"ஆமைக்கும் மனுஷனுக்கும் என்னடி சம்பந்தம்?" என்றாள் அம்மா. குரலில் பழைய வேகம் இல்லை.

"அத ஹுல்கார்கிட்டக் கேளுங்க. இன்னிக்குக் கூடையோட வேன்ல உக்கார வச்சீங்கல்ல?"

ஹுல்கார் உள்ளே போனாள். இழுப்பறை இழுபடும் சத்தம் கேட்டது. திரும்பி வந்தவள், வழக்கம்போல ரவ்ஷனின் கோப்பையில் எங்கள் ஊர் மரியாதைப்படி பாதி அளவு டீ ஊற்றி, இடது கையை நெஞ்சில் வைத்துக்கொண்டு நீட்டினாள். கோப்பைக்கடியில் அந்தச் சீட்டு இருந்தது. மூன்று வருஷத்தில் ஓரமெல்லாம் மஞ்சளாகிவிட்டது.

"நாளைக்குக் காலைல எட்டு மணிக்குத் திறப்பாங்க" என்றாள். "போயிட்டு வாங்க. போகலன்னா பெருநாள் வரைக்கும் நான் காத்திருக்க மாட்டேன். நானே போயிடறேன்."

இத்தனை நீளமாக அவள் பேசி அந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை. ரவ்ஷன் சீட்டையே பார்த்துக்கொண்டிருந்தான். முகம் அந்தப் பழைய ஒன்பது வயதுக்குப் போய்விட்டது. கோபக்காரன் என்று நினைத்திருந்தேன். பயந்தவன். ஐந்து வருஷமாக அவன் பயத்துக்கு அவள் அட்டைக்கடி வாங்கியிருக்கிறாள். எனக்கு இரக்கம் வரவில்லை.

"குறை என் பக்கம்னா என்ன பண்றது?" என்று கேட்டான், மிக மெதுவாக.

"அம்மாகிட்டக் கேளுங்க" என்றாள் ஹுல்கார். "குறை இருக்கறவங்கள என்ன பண்ணணும்னு அவங்களுக்குத்தான் தெரியும். மூட்டைகூட எப்படிக் கட்டணும்னு தெரியும்."

ரவ்ஷன் சீட்டை இரண்டாக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டான். கொஞ்ச நேரம் கழித்து அம்மா எழுந்து தெருக்கதவுப் பக்கம் போனாள். மெத்தை மூட்டைகளுக்கு முன்னால் உட்கார்ந்து முதல் கயிற்றின் முடிச்சைத் தேடினாள். அவளே போட்ட முடிச்சு, அவள் விரலுக்கே பிடிபடவில்லை. ஹுல்கார் உதவிக்கு எழப் போனாள். நான் அவள் கையைப் பிடித்து உட்கார வைத்தேன்.

பதினான்கு மெத்தை. கட்டியவளே அவிழ்க்கட்டும்.