தலைக்கு வந்த செலவு

கீழே எழுதப்போவதில் ஓர் எழுத்து பொய்யாக இருந்தாலும் இன்றிலிருந்து என் காப்பியில் சர்க்கரை இல்லாமல் போகட்டும். டாக்டர் போன வருஷமே சர்க்கரையை நிறுத்திவிட்டார் என்பது வேறு விஷயம். சத்தியம் சத்தியம்தான்.

வங்கியிலிருந்து மாதக் கணக்கு வந்திருந்தது. மருந்துக்கடை, பால், செருப்புக்குத் தையல் எல்லாம் ஒழுங்காக இருந்தன. நடுவில், பந்தியில் அழைக்காமல் வந்து உட்கார்ந்தவனைப்போல ஒரு வரி: ‘பேரொளி என்டர்பிரைசஸ்’. தொகையைப் பார்த்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன். தொகை அழியவில்லை.

“பேரொளின்னா என்ன கடை?” என்று மனைவியைக் கேட்டேன்.

“என்னைக் கேட்டா? கார்டு உங்க சட்டைப்பையில இருக்கு. பல்பு கில்பு வாங்கிட்டு மறந்துட்டீங்களா?”

“இந்த விலைக்கு பல்பு கேட்டா சூரியனைத்தான் கழட்டிக் குடுக்கணும்.”

மாடியில் மகளும் மாப்பிள்ளையும் குடியிருக்கிறார்கள். சத்தம் கேட்டு இருவரும் இறங்கி வந்தார்கள். மாப்பிள்ளைக்கு இன்சூரன்ஸ் கம்பெனியில் வேலை. அடர்த்தியான கிராப்பு, அதைவிட அடர்த்தியான அறிவுரை.

“விடுங்க மாமா. வயசானா மறதி சகஜம். எதுக்கு அதைப் போய்க் கிளறிக்கிட்டு? பேசாம கார்டை எங்கிட்ட குடுத்துடுங்க. எது வேணும்னாலும் ஒரு வார்த்தை சொன்னீங்கன்னா நான் வாங்கித் தரேன்.”

“அவர் சொல்றதும் சரிதானேப்பா” என்றாள் மகள். மனைவி என் சட்டைப்பையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒரு வார்த்தை சொன்னால் போதுமாம். டீ குடிக்க ஒரு வார்த்தை, பஸ் ஏற ஒரு வார்த்தை, பேப்பர் வாங்க ஒரு வார்த்தை. காலமெல்லாம் லிஃப்ட் பழுதுபார்த்து ஊரையே ஏற்றி இறக்கியவன் நான். என் பென்ஷனுக்கு நான் மாடிப்படி ஏறிப் போய்க் கையேந்த வேண்டுமா?

“நல்லாக் கேட்டுக்கோங்க” என்றேன். “இதை நான் வாங்கினதா நிரூபணம் ஆச்சுன்னா, கார்டை நானே கொண்டு வந்து மாப்பிள்ளை கையில வைக்கறேன். இல்லைன்னு ஆச்சுன்னா, மறதிங்கற வார்த்தையை இந்த வீட்டுல எல்லாரும் மறந்துடணும்.”

வங்கிக்குப் போன் செய்தேன். காத்திருங்கள் என்று சொல்லி ஒரு வாத்திய இசையைப் போட்டார்கள். அது முடிவதற்குள் எங்கள் கொடியில் கிடந்த துணி காய்ந்து, மடிக்கப்பட்டு, உடுத்தப்பட்டு, மறுபடி அழுக்காகிவிட்டது. பிறகு ஒரு பெண் வந்தாள்.

“பாதுகாப்புக்காகக் கேக்கறேன் சார். நீங்க கடைசியா கார்டுல என்ன வாங்கினீங்க?”

“மூலத்துக்குக் களிம்பு.”

“கொஞ்சம் சத்தமா சொல்லுங்க சார்.”

சத்தமாகச் சொன்னேன். எதிர்வீட்டுக்காரர் இன்றைக்கும் என்னைப் பார்த்தால் மெத்தை நாற்காலியாகப் பார்த்து எடுத்துப் போடுகிறார்.

“சில கடைங்க போர்டுல ஒரு பேரும் பதிவுல வேற பேரும் வெச்சிருப்பாங்க சார்” என்றாள் அந்தப் பெண். “விலாசம் தரேன், மொதல்ல அங்க விசாரிங்க. நீங்க வாங்கலைன்னா சொல்லுங்க, நாங்க பாத்துக்கறோம். அதுவரைக்கும் கார்டை நிறுத்தி வைக்கறேன்.”

விலாசத்தை உரக்கப் படித்துக் காட்டினேன். மாப்பிள்ளைக்கு உடனே வயிற்றுவலி வந்தது. மனைவி விடவில்லை. “துணைக்குப் போயிட்டு வாங்க மாப்பிள்ளை. இவரு போற வழியில கடையை மறந்துட்டு யார் வீட்டு லிஃப்டையாவது கழட்டிக்கிட்டு உக்காந்துடுவாரு.” வயிற்றுவலி கால்வலியாக மாறிப் பார்த்தது. அதுவும் எடுபடவில்லை.

போய்ப் பார்த்தால், அது விக் கடை. சுவரெல்லாம் தட்டு, தட்டெல்லாம் பொம்மைத் தலை, தலையெல்லாம் முடி. நான் உள்ளே நுழைந்ததும் அத்தனை தலைகளும் திரும்பிப் பார்த்தன. அவை பார்த்தது என்னை அல்ல, என் உச்சந்தலையை. அதில் ஈ உட்கார்ந்தால் வழுக்கி விழும். விவரம் தெரிந்த ஈக்கள் சுற்றிக்கொண்டுதான் போகும்.

கடைக்காரர் காதில் சீப்பைச் செருகியபடி வந்தார். நான் தலையைக் குனிந்து நீட்டினேன்.

“நல்லாப் பாருங்க! விக் வாங்கினவன் தலையா இது?”

“கோவிச்சுக்காதீங்க ஐயா. விக் வாங்கறவங்க தலையெல்லாம் இப்படித்தான் இருக்கும்.”

“பாத்தீங்களா மாமா, நான் அப்பவே சொன்னேன்” என்றார் மாப்பிள்ளை. வாசலைவிட்டு ஓரடிகூட உள்ளே வராமல் சொன்னார்.

“வாங்கினவன் மூஞ்சி உங்களுக்கு ஞாபகம் இல்லையா?”

“எங்க தொழில்ல தலையை மட்டும்தான் பாப்போம், மூஞ்சியைப் பாக்க மாட்டோம். அது தர்மம்” என்று கடைக்காரர் கூரையைப் பார்த்தார். “ஆனா ஒண்ணு. ஒவ்வொருத்தர் தலைக்கும் சுண்ணாம்புல அச்சு எடுத்துத்தான் விக் செய்வோம். நீங்க வாங்கியிருந்தா உங்க தலை உள்ள இருக்கும்.”

“கொண்டு வாங்கய்யா என் தலையை!”

என் கணக்கில் இருந்த தொகைக்கான ரசீதைத் தேடி, அதற்கு உரிய அச்சைக் கொண்டு வந்தார். கவிழ்த்த சட்டிபோல இருந்தது. எடுத்து மாட்டினேன். மூக்குவரை இறங்கி, உலகமே இருட்டாகிவிட்டது. உள்ளிருந்தபடியே முழங்கினேன்: “இது என் தலை இல்லை!” எதிரொலி நின்று அடங்கவே கொஞ்ச நேரம் ஆயிற்று.

அத்தோடு கிளம்பியிருக்கலாம். ஆனால் என்னை மறதிக்காரன் என்று சொன்ன பிறகு அது யாருடைய தலை என்று தெரியாமல் நான் நகர்வதாக இல்லை. கடைக்காரருக்கும் ரோஷம் வந்துவிட்டது. அவர் மாட்டிப் பார்த்தார், பொருந்தவில்லை. தபால்காரரைப் பிடித்து மாட்டினோம், பொருந்தவில்லை. என்ன கூட்டம் என்று எட்டிப் பார்த்தவர்கள் வரிசையில் நின்றார்கள். வழியில் போன பஸ் நின்று, டிரைவர், கண்டக்டர், பயணிகள் எல்லோரும் இறங்கி மாட்டிப் பார்த்துவிட்டு ஏறினார்கள். ஒருவர் தலைக்கும் சரியாக வரவில்லை.

மீதி இருந்தது ஒரே தலை.

“நம்ம மாப்பிள்ளையும் ஒருவாட்டி போட்டுப் பாக்கட்டுமே, சும்மா விளையாட்டுக்கு” என்றேன்.

“எனக்கு எதுக்கு மாமா? எனக்குத்தான் முடி இருக்கே.” சொல்லும்போதே நெற்றியில் வியர்வை ஆறாக ஓடியது. அந்த ஆற்றில் கிராப்பு ஓடமாக மிதந்து மெல்ல இறங்கிப் புருவத்தில் கரைசேர்ந்தது. நான் அச்சை எடுத்து வைத்தேன். உறையில் கத்தி போவதுபோலப் போய் உட்கார்ந்தது.

மாப்பிள்ளை என்னைக் கடையின் பின்பக்கம் இழுத்துக்கொண்டு போனார்.

“மாமா, உங்க கரண்ட் பில் கட்டறதுக்காக உங்க கார்டையும் என் போன்ல போட்டு வெச்சிருந்தேன். அன்னிக்கு அவசரத்துல விரல் மாறிடுச்சு. பணத்தை இப்பவே திருப்பிப் போட்டுடறேன். உங்க பொண்ணுக்கு மட்டும் தெரிய வேண்டாம் மாமா. கல்யாணத்துக்கு முன்னாடியிருந்தே இதுதான் என் தலை.”

“தப்புன்னு தெரிஞ்சும் என்னை மறதிக்காரன்னு சொல்லிக் கார்டைப் பிடுங்கப் பாத்தீங்களே?”

“மாசாமாசம் கணக்கு வருமே மாமா. விக் ஒட்டற பசையும் இங்கதான் வாங்கணும். மறுபடி விரல் மாறினா? கார்டு எங்கிட்ட இருந்தா நீங்க கணக்கைப் பாக்க மாட்டீங்களேன்னுதான்.”

“சரி. பொண்ணுகிட்ட சொல்ல மாட்டேன். ஆனா என் கார்டை உங்க போன்லேருந்து என் கண்ணு முன்னாடி அழிங்க. இனிமே என் சட்டைப்பை பக்கம் உங்க கையோ நாக்கோ வந்துச்சு, உங்க தலை நடுக்கூடத்துக்கு வந்துடும்.”

அழித்தார். பணம் வந்ததும் வங்கிக்குச் சொல்லிக் கார்டுக்கு உயிர் கொடுத்தேன். “யார் வாங்கினதுன்னு தெரிஞ்சுதா சார்?” என்று அந்தப் பெண் கேட்டாள். “குடும்பத் தலை விவகாரம்மா” என்று வைத்துவிட்டேன்.

ராத்திரி சாப்பாட்டின்போது மனைவி மறுபடி ஆரம்பித்தாள். “எதுக்கும் கார்டு மாப்பிள்ளைகிட்டயே இருக்கட்டும்.”

“ஐயோ வேண்டாம் அத்தை!” மாப்பிள்ளை எழுந்தே விட்டார். “கடைக்காரன் தப்பு அது. மாமாவுக்கு இருக்கிற ஞாபகசக்தி எனக்கு வருமா?”

நான் கார்டை எடுத்துத் துடைத்துத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு சாப்பிட்டேன்.

நேற்று பென்ஷன் ஆபீசில் புது அடையாள அட்டை கொடுத்தார்கள். அதிலுள்ள என் போட்டோவில் இடப்பக்கம் வகிடு எடுத்திருக்கிறேன்.