இக்கரை வரைக்கும் ராஜா

கடல் கடந்த கரும்புத் தீவில், லாங் மவுண்டன் மலையடிவாரத்தில் ஒரு ஓடை. இறங்கித் தாண்டினால் முழங்கால்கூட நனையாது. ஆனால் இங்கிலாந்து ராஜாவின் சட்டத்துக்கு அது சமுத்திரம். இக்கரை ஒரு ஸ்டேஷன், அக்கரை வேறு ஸ்டேஷன். இங்கத்திய போலீஸ்காரன் அங்கே கால் வைக்கக் கூடாது. அங்கத்திய ஸ்டேஷனோ மலைக்கு அந்தப் பக்கம் தூங்கிக்கொண்டிருந்தது. கரும்புக்காட்டில் கள்ளச் சாராயம் காய்ச்சுகிறவனுக்கு இதைவிட நல்ல வக்கீல் வேண்டுமா?

புதிதாகச் சேர்ந்த தனராஜையும் ஜாக்கையும் அங்கேதான் காவல் போட்டார் இன்ஸ்பெக்டர் லிண்ட்சே. எல்லையை அடக்கினால் மெடல் வருமென்று சட்டையில் அதற்கு இடம்கூட ஒதுக்கி வைத்திருந்தவர். மாதம் முடிவதற்குள் ஒருவனையாவது பிடிக்காவிட்டால் இருவரும் தொப்பியைக் கழற்றிவிட்டுக் கரும்பு வெட்டப் போகலாம் என்றார்.

தொப்பி போனால் தனராஜுக்குச் சிவகாமியும் போய்விடுவாள். உடுப்புப் போட்ட மாப்பிள்ளைக்குத்தான் பெண் என்று அவள் அப்பா சின்னன், கோயிலில் வைத்தே சொல்லியிருந்தார். உடுப்பின் மேல் அவருக்கு அத்தனை மரியாதை ஏன் என்பது ஊருக்கே தெரியும்: ஓடைக்கரைச் சாராய அடுப்பு அவருடையது. பிடிக்காவிட்டால் தொப்பி இல்லை. பிடித்தால் மாமனார் இல்லை. வேறு யாரையாவது பிடிக்கலாமே என்றான் ஜாக். வேறு யாரும் காய்ச்சவில்லை. சின்னன் சரக்குக்கு முன்னால் மற்ற அடுப்புகள் எப்போதோ அணைந்துவிட்டன.

பிடிக்கிற முறையையும் லிண்ட்சே மனப்பாடம் செய்ய வைத்திருந்தார். மாட்சிமை தங்கிய மன்னரின் பெயராலும், அவர்தம் ஆளுநரின் அதிகாரத்தாலும் கைகளை உயர்த்து என்று ஆங்கிலத்தில் முழுதாகச் சொன்ன பிறகே ஆளைத் தொடலாம். ஜாக் பல தடவை சொல்லிப் பார்த்தான். ஆளுநர் வருவதற்குள் சின்னன் அக்கரையில் சிகரெட் பற்றவைத்திருப்பார்.

மாதக் கடைசி நாள் காலை, லிண்ட்சேயே வந்து கரும்புக்குள் பதுங்கினார். சின்னன் வந்தார். தோளில் கம்பு, இரு முனையிலும் சாராய டின். ஜாக் மன்னரை ஆரம்பித்தான். சின்னன் நடையைக் கூட்டினார். தனராஜுக்கு ஆங்கிலம் மறந்தது, பிரெஞ்சு மறந்தது. அந்தக் கம்பும் அந்த நடையும் தைப்பூசக் காவடி மாதிரியே இருக்க, வீட்டில் தீவின் பேச்சுமொழியான கிரியோல் பேசி வளர்ந்தவன் வாயில் அவனுக்குத் தெரிந்த கொஞ்சத் தமிழ் வந்து விழுந்தது.

"வெற்றிவேல் முருகனுக்கு!"

"அரோகரா!" என்றார் சின்னன். கைகள் இரண்டும் தலைக்கு மேல் போய்க் குவிந்தன. வருஷம் தவறாமல் காவடி எடுத்த கைகள். அவரைக் கேட்டுவிட்டா போகும்? கம்பு சரிந்தது, டின்கள் உருண்டன, ஓடை மீன்களுக்குத் திருவிழா. பழக்கத்தில் தனராஜும் கையைத் தூக்கிவிட்டதால் போய்ப் பிடித்தது ஜாக்தான்.

தூக்கிய கையை இறக்காமலே சின்னன் சொன்னார்: "ராஜா பேரைச் சொல்லியிருந்தா ஓடியிருப்பேன், மாப்ளே. முருகன் பேரைச் சொல்லிட்டியே."

தனராஜின் காதில் 'மாப்ளே' மட்டும்தான் விழுந்தது.

அபராதம் கட்டிவிட்டு வந்து சின்னனே கல்யாணத்துக்கு நாள் குறித்தார். மன்னரின் பெயரைக் கேட்டதுமே குற்றவாளி பக்தியோடு கை தூக்கினான் என்று லிண்ட்சே மேலிடத்துக்கு எழுதினார். சட்டையில் மெடலும் ஏறியது. அதைக் குத்திக்கொண்டு கல்யாணத்துக்கு வந்து முன்வரிசையில் உட்கார்ந்தார். தாலி ஏறியதும் யாரோ வெற்றிவேல் என்றார்கள். கோயில் முழுக்கக் கை தூக்கியது.

லிண்ட்சே ஜாக்கின் பக்கம் சாய்ந்து, இத்தனை பேருக்கும் விலங்கு இருக்கிறதா என்று கேட்டார்.