முனைவர் அருள்மொழியின் துண்டுக் கோட்பாடு

பொட்டிபுரம் மலைக்குள் நியூட்ரினோ ஆய்வுக்கூடம் வருமா வராதா என்று எல்லாரும் விவாதித்துக்கொண்டிருந்தபோது, மலையைத் தொடாமலேயே பிரபஞ்சத்தைப் பிடிக்க ஒரு வழி கண்டுவிட்டார் முனைவர் அருள்மொழி. செலவு, ஒரே ஒரு ஈரிழைத் துண்டு.

முப்பது ஆண்டுகள் கல்லூரியில் இயற்பியல் நடத்தி ஓய்வுபெற்றவர் அவர். பையன்கள் அந்த வகுப்பில் தூங்கியதை ஆழ்ந்த சிந்தனை என்று கடைசிவரை நம்பியவர்.

கோட்பாடு இதுதான். ஒருவர் ஜன்னல் வழியாக பஸ் சீட்டில் துண்டைப் போடுகிறார். அவர் இன்னும் வெளியேதான் நிற்கிறார். ஆனால் உள்ளே இருப்பவர்கள் "ஆள் இருக்கு" என்கிறார்கள். இல்லாத ஆள் எப்படி இருக்கிறார்? வேறொரு பரிமாணத்தில் இருக்கிறார்! ஆகவே துண்டு என்பது அந்தப் பக்கத்துக்கு நாம் போடும் கடிதம். ஒரே நிபந்தனை, துண்டின் மேல் யாரும் உட்காரக் கூடாது. உட்கார்ந்தால் செய்தி நசுங்கிவிடும். இதை இருநூற்றுப் பன்னிரண்டு பக்கங்களில், பாதிக்குமேல் கிரேக்க எழுத்துகளாகவே எழுதியிருந்தார்.

ஏழு ஆண்டுகள் தேனி பஸ்சிலும் தேவாரம் பஸ்சிலும் துண்டைப் போட்டுவிட்டு, கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே போனார். பதில் கண்டக்டர்களிடமிருந்து மட்டும் வந்தது. உயரம் கூடக் கூடப் பரிமாணம் மெலியும் என்று ஒரு பின்னிணைப்பு எழுதிவிட்டு, மலை ஜீப்பைத் தேர்ந்தெடுத்தார்.

அப்படித்தான் ஒரு திங்கட்கிழமை விடிகாலையில், ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றும் வினோத்குமாரின் ஜீப்பில், டிரைவருக்குப் பக்கத்துச் சீட்டில் துண்டு விழுந்தது. படம் பிடிக்க, அவர் தொடங்கியிருந்த ஆராய்ச்சிப் பேரவையிலிருந்து இஸ்திரி போட்ட சட்டையோடு இரண்டு பேர் வந்திருந்தார்கள். பேரவையில் மொத்தமே மூன்று பேர்தான்.

அந்தச் சீட்டு மூக்கம்மாளுக்குத் தேவைப்பட்டது. தோட்டத்தில் ஏலக்காய் எடுக்கப் போகிற அவளுக்கு வலது முட்டி தேங்காய்போல வீங்கியிருந்தது. பின்னால் பதினான்கு பேரோடு காலை மடக்கி உட்கார்ந்து போனால், இறங்கியபின் நிமிராது. போன வாரம் இரண்டு நாள் அப்படித்தான் சரிவில் இறங்க முடியாமல் திரும்பினாள். இன்றைக்கும் வேலை பார்க்காவிட்டால் பெயரை அடித்துவிட்டு வேறு ஆள் போடுவேன் என்று தோட்டத்தில் வேலை வாங்கும் கங்காணி சொல்லியிருந்தார்.

"ஏப்பா வினோத்து, யாரு துண்டு இது?"

"சாரு துண்டு அத்தை. ஆராய்ச்சியாம்."

"சாரு எங்க?"

"நான் நின்னுக்கிட்டு வருவேன்" என்றார் முனைவர். "அந்த இருக்கை காலியாக இருக்க வேண்டும். அதுதான் சோதனை."

"உக்காராத ஆளுக்கு எதுக்குய்யா சீட்டு?" என்று கேட்ட மூக்கம்மாள், பதிலுக்குக் காத்திருக்காமல் ஏறித் துண்டின் மேலேயே உட்கார்ந்தாள்.

"ஐயோ, செய்தி!" என்று அலறினார் முனைவர்.

மூக்கம்மாள் திடுக்கிட்டு இடதுபக்கம் திரும்பினாள். அங்கே யாரும் இல்லை.

"இந்தா, ஏன் கத்துற?" என்றாள் காற்றைப் பார்த்து. "நான் இல்ல தாயி. நான் இப்பத்தான் உக்காந்தேன். ஓ, அவரா? இங்கனதான் நிக்கிறாரு."

"யார்கிட்டப் பேசுறீங்க?" என்றார் முனைவர்.

"அந்தப் பக்கத்துப் பொம்பள. ஏழு வருசமா சீட்டுச் சீட்டா துண்டைப் போட்டுட்டு உக்கார வராத மூதேவி யாருன்னு கேக்குறா. துண்டு கெடந்தா அவுக ஊருல யாரும் உக்கார மாட்டாகளாம். எல்லாரும் நின்னே போறாகளாம்."

பேரவைக்காரர் ஒருவர் படம் பிடிப்பதை நிறுத்திவிட்டார். முனைவர் முன்சீட்டுப் பக்கம் ஓடிவந்தார். ஏழு ஆண்டு உழைப்புக்குப் பலன் கிடைத்துவிட்டது. அது வசவாக வந்ததில் அவருக்கு வருத்தமில்லை.

"எந்திரிங்கம்மா. நான் உட்காரணும். மனித குலத்தின் முதல் உரையாடல் இது."

"முட்டி வீங்கிக் கெடக்கு சார். இன்னைக்குச் சோலி பாக்கலேன்னா பேரை அடிச்சிருவாக."

"அறிவியலுக்காக!"

பின்னாலிருந்து "வெரசா வண்டிய எடுப்பா" என்று குரல்கள் எழுந்தன. வினோத்குமார் இருவரையும் பார்த்துத் தலையைச் சொறிந்தான். படித்தவர் கேட்கிறார், இறக்கிவிடலாமா என்றுகூட அவன் வாய் ஒரு கணம் திறந்தது.

மூக்கம்மாள் காதைச் சாய்த்துக் கேட்டாள். பிறகு சொன்னாள்: "அந்தாளு உக்காந்தா நான் எந்திரிச்சுப் போயிருவேங்கிறா. மூஞ்சியிலயே முழிக்க மாட்டாளாம்."

மனித குலத்தின் சார்பில் முனைவர் வாய் மூடினார். மூக்கம்மாள் காலை நன்றாக நீட்டிக்கொண்டாள். "கொஞ்சம் தள்ளிக்க தாயி" என்று அந்தப் பக்கத்தையும் நகர்த்தி வைத்தாள். முனைவர் பின்படியில் தொற்றிக்கொண்டார்.

மலையடிவாரத்து முந்தல் தாண்டிக் கொண்டை ஊசி வளைவுகள் தொடங்கின. ஒவ்வொரு வளைவிலும் ஒரு கேள்வி பறந்து வந்தது.

"காலம் என்பது என்னன்னு கேளுங்க!"

"இப்பத்தான் பழகுறோம் சார். அதெல்லாம் கேட்டா நல்லாவா இருக்கும்?"

"அப்ப என்னதான் பேசுறீங்க?"

"அவளுக்கு மூணு காலாம். மூணு முட்டியும் வலியாம். நொச்சி இலைய வதக்கிக் கட்டச் சொல்லியிருக்கேன். அவுக ஊருல நொச்சி இல்லையாம், பாவம்."

போடிமெட்டு வருவதற்குள் இரண்டு மாமியார்களையும் பேசி முடித்திருந்தார்கள். முனைவர் குறிப்பேட்டில் எழுத முயன்று, பதினோராவது வளைவில் பேனாவையும், பதின்மூன்றாவதில் குறிப்பேட்டையும் பள்ளத்தாக்குக்குக் கொடுத்தார்.

தோட்டத்து வாசலில் ஜீப் நின்றது. மூக்கம்மாள் இறங்கி, காலை ஊன்றிப் பார்த்தாள். நின்றது. கங்காணி தலை எண்ணிக்கொண்டு வந்தார். அவளைப் பார்த்ததும் கூடையை நீட்டினார்.

அதற்குள் முனைவர் பாய்ந்து சீட்டில் உட்கார்ந்துவிட்டார். கண்ணை மூடினார். காதைத் தீட்டினார். டீசல் வாடைதான் வந்தது.

"ஒண்ணும் கேட்கலையே! எங்கே போனாங்க?"

சரிவில் பாதி இறங்கிவிட்டிருந்த மூக்கம்மாள், ஏலச்செடிகளுக்குள்ளிருந்து குரல் கொடுத்தாள்.

"அவளும் சோலிக்கு எறங்கிட்டா சார். எல்லாரும் உங்கள மாதிரி ரிட்டேர்டா?"