நீல வளையம் கேட்ட இடத்தில்

புதுக் கட்டடத்து ஆபரேஷன் தியேட்டரில் நோயாளி மேசைமேல் கிடக்க, ஸ்கேன் படம் மட்டும் வந்து சேரவில்லை. படத்தை டிஸ்கில் ஏற்றிக்கொண்டு ஸ்கேன் அறையிலிருந்து ஒரு நர்ஸ் எண்ணூறு மீட்டர் மூச்சிரைக்க ஓடினாள். ஆஸ்பத்திரியின் நெட்வொர்க் இன்ஜினியரம்மாவுக்கு அதைப் பார்த்ததும் பற்றிக்கொண்டு வந்தது.

சர்வர் அறைக்குப் போய், அவள் லீவில் இருந்த வாரம் கான்ட்ராக்டர் ஆட்கள் புதுக் கட்டடத்து லைனில் சொருகிவிட்டுப் போன மாட்யூலை உருவினாள். விரல் நீளச் சாமான். மின்சாரத்தை ஒளியாக்கிக் கண்ணாடி இழைக் கேபிளில் அனுப்புவது. பத்துக் கிலோமீட்டர் தாங்கும் நீல வளைய வகைதான் வேண்டும் என்று கேபிள், நெட்வொர்க் சுவிட்ச் விவரத்தோடு எழுதிக் கொடுத்திருந்தாள். கையில் இருந்ததோ கறுப்பு வளையம். முன்னூறு மீட்டர்கூடத் தாண்டாது. இந்தக் கேபிளோடு ஒத்தும் போகாது.

பர்ச்சேஸ் மேனேஜருக்குப் போன் போட்டாள். மேனேஜர் வேறு யாருமில்லை, அக்கா புருஷன்.

"அத்தான், நான் எழுதினது ஒண்ணு, வந்தது ஒண்ணு. யாரு மாத்தினா?"

"ரெண்டும் ஒரே சைஸ்தானேம்மா? இது உடனே கிடைச்சுது."

"ஒரே சைஸ்னு ரெண்டும் இடது கால் செருப்பா வாங்குவீங்களா?"

"கத்தாதே. லிஸ்ட்டே நீ தப்பா எழுதினதுன்னு டைரக்டர்கிட்ட சொல்லிட்டேன். கொஞ்சம் சமாளிச்சுக்கோ, நம்ம வீட்டுப் பொண்ணுதானே."

அவளுக்கு உச்சந்தலை வரை சுர்ரென்று ஏறியது. போனை வைத்தாள்.

ஆஸ்பத்திரியில், கேபிளின் இரண்டு முனைக்கும் சொருகும் நீல வளைய ஜோடி ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது நிர்வாகக் கட்டடத்துக்கு நெட் கொடுத்துக்கொண்டிருந்தது. சர்வர் அறையில் ஒன்றைப் பிடுங்கினாள். விறுவிறுவென்று நிர்வாகக் கட்டடத்துக்கு நடந்து மற்றதையும் பிடுங்கினாள். அப்படியே பர்ச்சேஸ் அறைக்குள் நுழைந்து தன் லிஸ்ட் இருந்த ஃபைலையும் எடுத்துக்கொண்டாள். தடுக்க யாருக்கும் தைரியம் வரவில்லை. தியேட்டர் பக்கம் ஒன்று, சர்வர் அறையில் ஒன்று என்று சொருகியதும் பச்சை விளக்கு எரிந்தது. "படம் வந்தாச்சு" என்று போனில் சொன்னார் சர்ஜன்.

டைரக்டர் சர்வர் அறைக்கே வந்துவிட்டார். பின்னால் அத்தான்.

"யாரைக் கேட்டும்மா எங்க நெட்டைப் பிடுங்கினே?"

"யாரையும் கேக்கலை சார். அங்க ஒரு உயிர் காத்துக்கிட்டிருந்தது. இங்க மெயில்தானே காத்திருக்கு?"

ஃபைலை நீட்டினாள். அவள் எழுதியதைப் பேனாவால் அடித்து, 'இதற்குச் சமமானது' என்று எழுதிக் கையெழுத்தும் போட்டிருந்தது. டைரக்டர் இரண்டு தடவை படித்தார்.

"இது உங்க கையெழுத்துதானே?"

அத்தான் தரையைப் பார்த்தார். "நம்ம பொண்ணாச்சே, கோவிச்சுக்க மாட்டான்னு..."

"அந்த வார்த்தையை எடுக்காதீங்க அத்தான். உங்க பொண்ணா இருந்தா இப்படிப் பழியைத் தலையில கட்டுவீங்களா?"

இனி அவள் கையெழுத்தில்லாமல் ஒரு கேபிள்கூட வாங்கக் கூடாது என்றார் டைரக்டர். சர்ஜனிடம் போய் நடந்ததைச் சொல்லும்படி அத்தானை அனுப்பினார். சரியான மாட்யூல் வரும்வரை மூன்று நாள் நிர்வாகம் நெட் இல்லாமல் கிடக்க வேண்டியதுதான்.

சாயங்காலம் அக்கா போன் செய்தாள். "அவர் சாப்பிடாம உக்காந்திருக்காருடி. போனாப் போகுதுன்னு ஒரு வார்த்தை சொல்லேன்."

"சொல்ல மாட்டேன்கா. பசிச்சா சாப்பிடச் சொல்லு."