ஏழு லீவர் பூட்டு

நீதிமன்றக் குமாஸ்தா காகிதக் கட்டை ஜன்னல் வழியாகத் திருப்பித் தள்ளினார். மூன்று மாதத்துக்கு முன் அதே ஜன்னலில் கொடுத்த அதே கட்டு, அதே நாடா. முதல் பக்கத்தில் மட்டும் புதிதாக ஒரு முத்திரையும் இரண்டு வரியும் இருந்தன. இந்த வழக்கை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை, உரிய இடத்தில் தாக்கல் செய்துகொள்ளவும்.

"தள்ளுபடியா சார்?" என்று கேட்டார் சாவிக்காரர்.

"தள்ளுபடி இல்லைங்க. உங்க பக்கம் நியாயம் இருக்கா இல்லையான்னே நாங்க பாக்கலை. அதைப் பாக்குற இடம் இது இல்லை. அடமானத்து மேல வங்கி நடவடிக்கை எடுத்தா, கடன் தீர்ப்பாயத்துக்குத்தான் போகணும். அது பெரிய நகரத்துல இருக்கு."

மூன்று மாதம் கையில் வைத்திருந்தும் பார்க்கவே இல்லையாம். சாவிக்காரருக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். பயம்தான் வந்தது. நாளை காலை பதினொரு மணிக்கு வீட்டைக் கைப்பற்ற வருகிறோம் என்கிற நோட்டீஸ் ஆறு நாளாக அவர் வீட்டுக் கதவில் ஒட்டியிருந்தது.

உண்மையில் இந்த நீதிமன்றத்துக்கு வந்த தப்பு அவருடையது. கடன் கட்டாதவர்களின் வீட்டைக் கைப்பற்றப் போகும்போது, பூட்டைத் திறக்க வங்கிக்காரர்கள் அவரைத்தான் கூட்டிப்போவார்கள். எட்டு வருடத்தில் பதினேழு வீடு. ஒவ்வொரு தடவையும் கோர்ட் அமீனா ஓர் உத்தரவை விரித்துக் காட்டுவார். அதில் இந்த நீதிமன்றத்தின் முத்திரை இருக்கும். அதைக் கண்ணால் பார்த்த பிறகுதான் சாவிக்காரர் பையிலிருந்து கம்பியை எடுப்பார். கடையைப் பெரிதாக்க வீட்டை அடமானம் வைத்தார். சாலையை அகலப்படுத்தியதில் கடை போனது, கடன் போகவில்லை. தன் வீட்டுக்கே முதல் நோட்டீஸ் வந்ததும் நேராக இங்கேதான் ஓடிவந்தார். திறக்கச் சொல்கிற கோர்ட்டு திறக்காதே என்றும் சொல்லாதா என்பது அவர் கணக்கு.

"இல்லண்ணே, திறக்க ஆள் அனுப்புறது மட்டும்தான் இவங்க வேலை. நிறுத்துறது தீர்ப்பாயம்" என்று அப்போதே அவருடைய வக்கீல் தலைபாடாக அடித்துக்கொண்டார். சாவிக்காரர் பிடித்த பிடியை விடவில்லை. பார்த்த முத்திரையை நம்புவாரா, பார்க்காத தீர்ப்பாயத்தை நம்புவாரா? வக்கீல் சின்ன வயசுக்காரர். தட்டமுடியாமல் இங்கேயே தாக்கல் செய்துவிட்டார்.

இப்போது தொலைபேசியில் அந்த வக்கீல் ஒரு வார்த்தை குத்திக்காட்டவில்லை. அதுவே சாவிக்காரருக்கு என்னவோ போலிருந்தது. "நாளைக்குக் காலைல அங்க தாக்கல் பண்ணிடலாம்ணே. அவசரம்னு சொல்லி அன்னிக்கே எடுக்க வைக்கிறேன். அவங்க உள்ள போய் சீல் வைக்கிறதுக்குள்ள தடை வாங்கிடணும். உள்ள போயிட்டாங்கன்னா மீட்கிறது பெரும்பாடு."

சாயங்காலம் மனைவியைக் கதவருகில் நிறுத்தி அவர் பாடம் நடத்தினார். "தட்டுவாங்க. பேசாம இரு. பூட்டை மட்டும் பூட்டிக்க, தாழ்ப்பாள் போட்டுடாத."

"தாழ்ப்பாளும் போட்டாத்தானே கெட்டி?"

"தாழ்ப்பாள்னா கடப்பாரையைத் தூக்குவாங்க. அஞ்சு நிமிஷம். வெறும் பூட்டுன்னா என்னை மாதிரி ஒரு ஆளைக் கூப்பிடுவாங்க. ஆளுன்னா நேரமாகும்."

அவள் அவரை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். "நீங்க எவ்வளவு நேரம் எடுத்துப்பீங்க?"

அவர் பூட்டை விரலால் தடவிப் பார்த்தார். அது அவரே தேய்த்து, அவரே மாட்டிய ஏழு லீவர் பூட்டு. ஏழு பித்தளைத் தகடும் ஒவ்வொன்றும் அதனதன் உயரத்துக்கு எழும்பினால்தான் நாக்கு நகரும். ஆறாவதில் மட்டும் ஒரு பொய் வெட்டு வைத்திருந்தார். தெரியாதவன் அதில் ஏமாந்து முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

மறுநாள் தீர்ப்பாயத்தில் அவருடையது பத்தொன்பதாவது வழக்கு. பதினொன்றரைக்குத் தொலைபேசி அதிர்ந்தபோது பதினாறாவது நடந்துகொண்டிருந்தது. கூடத்தின் வாசலை விட்டு நகராமல் ஒரு காதை உள்ளே வைத்துக்கொண்டு, மறு காதில் தொலைபேசியை அழுத்தினார்.

"வந்துட்டாங்க" என்றாள் மனைவி, மூச்சுக் குரலில். "தட்டிப் பாத்தாங்க. இப்போ ஒருத்தர் பூட்டை நோண்டுறார்."

"பூட்டுகிட்ட ஃபோனைப் பிடி."

கம்பி உரசுவது கேட்டது. ஊரின் மறுகோடியில் பூட்டுக்கடை வைத்திருப்பவர்தான் அது. வேறு யாரும் இவ்வளவு மெல்லிய கம்பி வைத்திருப்பதில்லை. சாவிக்காரரைக் கூப்பிடாத அளவுக்கு வங்கி அதிகாரிக்கு இங்கிதம் இருந்திருக்கிறது. டிக். ஒன்று. கொஞ்ச நேரம் கழித்து இரண்டு. "பதினேழு!" என்று உள்ளே டவாலி கூவினார். வக்கீல் திரும்பிப் பார்த்து, பொறுங்கள் என்று கை காட்டினார்.

அந்தப் பதினேழு வீடுகளில் ஒரு முகம்கூடச் சாவிக்காரருக்கு நினைவில்லை. பூட்டுகள்தான் நினைவிருந்தன. ஒரே ஒரு குரல் மட்டும் ஒரு கதவுக்குப் பின்னாலிருந்து, "மெதுவாங்க, குழந்தை தூங்குது" என்றது. அன்று அவர் மெதுவாகத்தான் திறந்தார். அதை நல்ல காரியம் என்று இத்தனை நாள் எண்ணியிருந்தார். இப்போது வெட்கமாக இருந்தது.

மூன்று. நான்கு. உள்ளே பதினேழாவது வழக்கில் வங்கி வக்கீல் எழுந்து அவகாசம் கேட்டார்; கிடைத்தது. ஐந்து. "பதினெட்டு!"

"என்னங்க" என்றாள் மனைவி. "உங்க கேஸைக் கூப்பிட்டாச்சா?"

"அடுத்தது நம்மளுதுதான்."

கம்பி ஆறாவதைத் தொட்டது. பொய் வெட்டில் மாட்டியது, நின்றது, யோசித்தது. தன் வலது கை விரல்கள் தாமாக மடங்கி, காற்றில் ஒரு மயிரிழை மேலே தூக்கிக் காட்டுவதை அப்போதுதான் சாவிக்காரர் கவனித்தார். அப்படித்தான் அதைத் தூக்க வேண்டும். பதறிப்போய்க் கையைச் சட்டைப் பைக்குள் திணித்தார். உள்ளே வீட்டுச் சாவி இருந்தது. அதை முழு பலத்தோடு இறுக்கிப் பிடித்துக்கொண்டு இரண்டு பக்கமும் காதைத் தீட்டி நின்றார்.