கம்பியில் தொங்கிய ஸ்வெட்டர்

1

இந்தக் கதை என் அக்காவின் கிழிந்த ஸ்வெட்டரிலிருந்து வந்தது. நேற்று வேலைக்குப் போட்டுக்கொண்டு போனவள் இன்று அதை ஒரு பிளாஸ்டிக் பையில் கொண்டுவந்தாள். பையைத் திறந்ததும் வீடே நாறியது. என்ன ஆயிற்று என்றேன்.

"பன்னிக்குப் பிரசவம்," என்றாள்.

துருவித் துருவிக் கேட்டு மிச்சத்தையும் வாங்கினேன். கதை கிதை என்று எழுதினால் கையை ஒடித்துவிடுவாளாம். எழுதுகிறேன். ஆகவே இனி அவள் என் அக்கா இல்லை. பன்றிகளும் எலிகளும் இயல்பாக எப்படி நடந்துகொள்கின்றன என்று பார்த்துப் பதிவு செய்யும் நிலையத்தில் வேலை பார்ப்பவள். அங்கே அவளுக்கு வைத்த பெயர் கண்கொத்தி.

2

முதல் தொடக்கம்: கண்ணாடிக்கு அந்தப் பக்கம், தாய்மையின் மகத்தான

(அடித்துவிட்டேன். பன்றி மகத்துவம் எதையும் காட்டவில்லை. அதற்கு வேலை இருந்தது.)

இரண்டாவது: குட்டி போடுவதற்கு முந்தைய நாள், திரும்பக்கூட இடமில்லாத கம்பிக் கூண்டுக்குள் நின்று, சினைப்பன்றி சிமெண்டுத் தரையை முன்னங்காலால் பறித்தது. இல்லாத வைக்கோலை வாயில் கவ்வியது. கவ்வியதைக் கீழே வைத்தது. மூக்கால் ஒதுக்கிச் சரிசெய்தது. சரிவரவில்லை போலிருக்கிறது, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தது. குளம்போரம் ரத்தம் கசிந்தும் நிறுத்தவில்லை.

கண்கொத்தி பதிவில் எழுதினாள்: கூடு கட்டுகிறது.

3

நிலையத்தின் தலைவர் கேமராத் திரையைப் பார்த்தார். (இவரை வில்லனாக்க ஆசைதான். ஆனால் எல்லார் பிறந்தநாளுக்கும் கேக் வாங்கி வருகிற மனுஷன். அதுதான் வயிற்றெரிச்சல்.) இந்தக் கூண்டைச் செய்து விற்கும் கம்பெனிக்காகத்தான் ஆய்வே. கூண்டில் பன்றி நிம்மதியாக இருக்கிறது என்று காட்ட வேண்டும்.

"கூடு எங்கம்மா இருக்கு? ஒரு துரும்பு கூட இல்லையே. நோக்கமில்லாத அசைவுன்னு போடு."

"துரும்பு குடுக்காதது நாம சார்."

"நாம பார்க்க வந்திருக்கோம். குடுக்க இல்ல."

பக்கத்து அறை எலிகளுக்குக் காகிதக் கிழிசல் போடுகிறார்கள். அவை கட்டுவது கூடு என்று இதே தலைவர் கையெழுத்துப் போட்டிருக்கிறார். எலிக்குக் கொடுத்தார்கள், கட்டியது. பன்றிக்குக் கொடுக்கவில்லை, ஆகவே அதற்குக் கட்டும் எண்ணமே கிடையாது. இந்த நியாயத்தைப் பன்றி இல்லாத இடங்களிலும் கேட்டிருக்கிறேன்.

(போனில் ஒரு நண்பரிடம் இதுவரை சொன்னேன். பன்றியை நாய்க்குட்டியாக மாற்றிவிடு, படிக்கிறவர்கள் அழுவார்கள் என்றார். யாரும் அழ வேண்டாம்.)

4

அன்று பிற்பகல், தொட்டியில் தண்ணீர் வருகிறதா என்று பார்க்கக் கண்கொத்தி உள்ளே போனாள். கேமரா அறையில் ஏசி, கொட்டகையில் புழுக்கம். ஸ்வெட்டரைக் கழற்றிக் கூண்டுக் கம்பியில் போட்டாள். தண்ணீரைப் பார்த்தாள். ஸ்வெட்டர் இல்லாமல் வெளியே வந்தாள்.

பன்றி அதை உள்ளே இழுத்தது. நூல் நூலாகப் பிரித்தது. வயிற்றுக்குக் கீழே பரப்பி மூக்கால் ஓரம் கட்டியது. பிறகு படுத்தது. காலையிலிருந்து முதல்முறையாக அதன் கால்கள் ஓய்ந்தன.

எல்லாம் கேமராவில் இருக்கிறது. மறந்து விட்டுவந்தாளா, வேண்டுமென்றே விட்டுவந்தாளா என்பது மட்டும் இல்லை.

5

இன்று கதவைச் சாத்திவிட்டுத் தலைவர் தன்மையாகத்தான் பேசியிருக்கிறார். மறந்துவிட்டேன் என்றால் அது விபத்து; அந்த நாளின் பதிவை அழித்துவிடலாம், வேலை இருக்கும். வேண்டுமென்றே என்றால் வேலை போகும். ஆனால் ஏன் நீக்கினோம் என்பதற்குச் சாட்சியாக அந்தப் பதிவு கோப்பில் ஏறும். கம்பெனியும் பார்த்தாக வேண்டும். யாரும் அழிக்க முடியாது. நாளைக் காலை பதில் வேண்டும்.

மறந்தாள் என்று ஒரு முடிவு எழுதினேன். அவள் வேலை பிழைத்தது. பன்றி எதையும் கட்டவே இல்லை என்றாயிற்று. வேண்டுமென்றே என்று இன்னொன்று எழுதினேன். அதில் அவள் வீராங்கனை. நீங்கள் கைதட்டிவிட்டு அவரவர் வேலையைப் பார்க்கப் போயிருப்பீர்கள். அவள்தான் வேலை தேடி அலைந்திருப்பாள். இரண்டையும் கிழித்தேன்.

கடைசியில் அவளிடமே கேட்டேன். ஸ்வெட்டரை வாளியில் அலசிக்கொண்டிருந்தவள் நிமிரவில்லை.

"உன்னை அந்த ரூம்ல உக்கார வெச்சா நீ என்னடா சொல்லுவ?"

கதை எழுதுகிறவனுக்கு நாற்காலி பத்திரமாகத்தான் இருக்கிறது. படிக்கிற உங்களுக்கும் அப்படியே. எழுந்திருங்கள். விடிந்தாயிற்று. கதவு சாத்தியிருக்கிறது. எதிரே தலைவர், கேக் வெட்டும்போது இருக்கும் அதே முகத்தோடு. வாயைத் திறங்கள்:

"சார், அந்த ஸ்வெட்டரை நான்