படிக்காமல் விட்ட வரி

என் கணவரைக் கொன்றவனுக்கு ஜாமீன் மறுத்த உத்தரவை, அவன் தாய்க்கு நான்தான் படித்துக் காட்டினேன். எங்கள் வீட்டில் எழுத்துத் தெரிந்தவர்கள் மூன்று பேர். ஒருவர் இறந்துவிட்டார். இன்னொருவன் சிறையில் இருந்தான். மிஞ்சியது நான்.

இறந்தவரும் அத்தையின் பிள்ளை, சிறையில் இருந்தவனும் அத்தையின் பிள்ளை. பெரியவன், சின்னவன் என்றுதான் கூப்பிடுவார். ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், குடித்துவிட்டு வந்த சின்னவனை என் கணவர் வாசலிலேயே நிறுத்தினார். பேச்சு முற்றியது. சின்னவன் கைக்கு எட்டிய இரும்புக் குழாயை எடுத்தான். பார்த்தவள் நான் ஒருத்திதான். போலீசில் பார்த்ததைப் பார்த்தபடி சொன்னேன். அதற்காக அத்தை என்னை ஒரு வார்த்தை கேட்டதில்லை.

அப்புறம் நாங்கள் இரண்டு பேர்தான். அத்தை ஒரு டெய்லரிடம் சட்டைகளை வாங்கி வந்து, வீட்டிலேயே காஜா எடுத்துப் பொத்தான் தைப்பார். நான் பள்ளிக்கூட அலுவலகத்தில் வேலை முடித்துத் திரும்பும்போது தலை நிமிராமல் "வந்துட்டியா?" என்பார். அந்த ஒரு கேள்விக்காகத்தான் வீடு திரும்பிக்கொண்டிருந்தேன்.

அந்தத் திங்கட்கிழமை அவர் கோர்ட்டிலிருந்து வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார்.

"வக்கீல் என்ன சொன்னார் அத்தை?"

"அவர் பேசுனதக் கேட்டிருந்தா, ஜாமீன் நமக்குக் கெடைச்சிடுச்சு, ஜட்ஜத்தான் உள்ள வச்சிட்டாங்கன்னு நெனச்சிருப்பே. மேல்கோர்ட்டுக்குப் போறாராம். வீட்ல யார்கிட்டயாவது குடுத்துப் படிச்சுக்கங்கன்னு இதக் குடுத்தாரு."

வீட்டில் படிக்கத் தெரிந்தவர் யார் என்று வக்கீல் கேட்கவில்லை. அத்தையும் சொல்லவில்லை.

உத்தரவை முழுதாகப் படித்தேன். கொலைக் குற்றம், விசாரணை முடியவில்லை, வெளியே விட்டால் சாட்சிக்கு ஆபத்து.

"சாட்சின்னா நீதானே?"

"நான்தான்."

கூடவே வக்கீல் எழுதிய அரைப்பக்கக் கடிதம் ஒன்று இருந்தது. வெளியே வந்தால் சின்னவன் எங்கே தங்குவான் என்று கேட்டபோது அத்தை எங்கள் வீட்டு முகவரியைச் சொல்லியிருக்கிறார். அவருக்குத் தெரிந்த முகவரி அது ஒன்றுதான். சாட்சியும் அதே வீட்டில் இருப்பதால்தான் மறுத்துவிட்டார்களாம். வேறு ஒரு முகவரியும், அங்கே கூடவே தங்க ஒரு பெரியவரும் கிடைத்தால் மேல்முறையீட்டில் வழியுண்டு, வெள்ளிக்கிழமைக்குள் சொல்லவும் என்று முடித்திருந்தார்.

கூடத் தங்க அத்தையை விட்டால் அவனுக்கு யார்? அந்த வரியை விட்டுவிட்டேன். "வெள்ளிக்கிழமை கேஸ் எடுப்பாங்களாம்" என்று மட்டும் சொல்லி மடித்து வைத்தேன்.

பழி வாங்கினேன் என்று சொன்னால் எனக்குக் கொஞ்சம் மரியாதையாக இருக்கும். அது இல்லை. "வந்துட்டியா?" என்று கேட்க ஆளில்லாத வீட்டுக் கதவைத் திறக்க எனக்குத் தெம்பு இல்லை. அவ்வளவுதான்.

வியாழக்கிழமை சாயங்காலம் அத்தை ஊசியை நீட்டினார். "இதக் கொஞ்சம் கோத்துக் குடு. என் கண்ணு ரெண்டும் ஸ்ட்ரைக்கு."

கோத்துக் கொடுத்தேன். "அத்தை, அன்னைக்கு ஒரு வரி படிக்காம விட்டுட்டேன்."

"தெரியும்."

"எப்படி?"

"நீ படிக்கறப்ப விரல் கூடவே போகும். ஒரு எடத்துல விரல் போச்சு, வாய் வரல."

"அப்பவே கேக்க வேண்டியதுதானே?"

"கேட்டா படிச்சிருப்பே. நாலு நாள் கழிச்சுத் தெரிஞ்சாப் போதும்னு இருந்துச்சு கண்ணு. எனக்கும் முடியல."

படித்தேன். அத்தை நூலைப் பல்லால் கடித்து அறுத்தார். மறுநாள் விடிந்ததும் டெய்லரிடம் போய், கடைக்கு மேலே துணி போட்டு வைத்திருந்த அறையைக் கேட்டு வாங்கி வக்கீலிடம் சொல்லிவிட்டார்.

மேல்கோர்ட்டில், சாட்சி என்று என்னையும் வரவழைத்திருந்த அரசாங்க வக்கீல் என் பக்கம் குனிந்தார். "பயமா இருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லுங்கம்மா, போதும்."

"களைப்பாத்தான் இருக்கு சார்" என்றேன்.

அவனோடு தங்கப் போவது யார் என்று நீதிபதி கேட்டதும், அத்தை பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி கையைத் தூக்கினார். ஜாமீன் கிடைத்தது.

அன்று சாயங்காலம் அந்த உத்தரவும் என் கைக்குத்தான் வந்தது. வாரம் ஒருமுறை ஸ்டேஷனில் கையெழுத்து. ஊரை விட்டுப் போகக் கூடாது. வழக்கு முடியும்வரை அவனோ, அவனோடு தங்குபவரோ சாட்சியைச் சந்திக்கவோ சாட்சியோடு பேசவோ கூடாது. இந்த முறை விரலும் வாயும் சேர்ந்தே போயின.

"கூடத் தங்குறவங்கன்னா?"

"நீங்கதான் அத்தை."

"எப்போலேருந்து?"

"அவன் வெளிய வர்றதுலேருந்து. நாளைக்குக் காலைல."

அத்தை மடியில் இருந்த சட்டையைப் பார்த்தார். "இன்னும் ஆறு சட்டை இருக்கே" என்றார்.

அவர் தைத்து முடிப்பதற்குள், டப்பாவில் இருந்த ஊசிகள் எல்லாவற்றுக்கும் நூல் கோத்து ஒரு துணியில் குத்தி வைத்தேன். பதினொன்று இருந்தன. காலையில் துணி மூட்டையோடு அதையும் எடுத்துப் போனார்.

வழக்கு மூன்று வருடம் நடந்தது. தீர்ப்புக்கு முந்தைய மாதம் அத்தை இறந்துபோனார். அவர் தைக்கிற வேகத்துக்குப் பதினோரு ஊசி நூல் இரண்டு நாளுக்குக்கூட வந்திருக்காது.